கடல் பார்க்காத ஊரின் கப்பல்

கன்னத்தில் கை வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்து பாருங்கள். வீட்டில் பெரியவர்கள் இருந்தால் உடனே குரல் வரும். "என்ன, கப்பல் கவுந்து போச்சா?"

சேலம், நாமக்கல் பக்கம் பிறந்து வளர்ந்தவர்களும் இதைக் கேட்டுத்தான் வளர்ந்திருப்பீர்கள். இத்தனைக்கும் நம் ஊரிலிருந்து எந்தத் திசையில் போனாலும், கடலைப் பார்க்க நூற்றைம்பது கிலோமீட்டராவது போகவேண்டும். மழை பெய்து ஏரி நிரம்பினால் அதை வேடிக்கை பார்க்கவே குடும்பத்தோடு கிளம்புகிற ஜனங்கள் நாம். நமக்கும் கப்பலுக்கும் என்ன சம்பந்தம்?

இருக்கிறது. ராசிபுரத்துக்குப் பக்கத்தில் எங்கள் கிராமத்தில் ஒரு வாசல் இருந்தது. அதற்கு எதிரே நின்று யாரும் 'கப்பல் கவுந்து போச்சா?' என்று கேட்கமாட்டார்கள். சின்னப் பிள்ளைகள் விளையாட்டாகக் கேட்டால்கூட, பெரியவர்கள் கண்ணாலேயே அடக்கிவிடுவார்கள். அது 'பெனாங்கு ஆயா'வின் வாசல். அவருடைய வீட்டுக்காரர் கப்பலேறி மலேயா போனவர்.

ஆயாவைப் பற்றி அப்புறம் சொல்கிறேன். முதலில் அந்தக் கப்பலைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன்.

கப்பல் என்றதும் உங்களுக்கு டைட்டானிக் ஞாபகம் வரும். படம் அப்படி! 1912-ல் அது கிளம்பியபோது உள்ளே இருந்தவர்கள் சுமார் 2,200 பேர். கப்பலின் உள்ளிடத்தை அளக்கிற டன் கணக்கில் அது 46,000 டன். நம் ஆட்கள் ஏறிய கப்பலின் பெயர் 'ரஜூலா'. 1926-ல் கிளாஸ்கோவில் கட்டப்பட்டது. பிரிட்டிஷ் இந்தியா ஸ்டீம் நேவிகேஷன் கம்பெனிக்குச் சொந்தம். அதே கணக்கில் இது சுமார் 8,500 டன். டைட்டானிக்கில் ஐந்தில் ஒரு பங்குகூட இல்லை. ஆனால், இதில் எத்தனை பேரை ஏற்ற அனுமதி இருந்தது தெரியுமா? ஐயாயிரம் பேர் அளவுக்கு!

எப்படி முடிந்தது என்கிறீர்களா? ரொம்ப சுலபம். கேபின் என்று அறை கொடுத்தது சில டஜன் துரைமார்களுக்கும் வசதியானவர்களுக்கும் மட்டும்தான். மற்ற எல்லோரும் டெக் பாசஞ்சர். பாயை விரித்தால் அதுதான் உங்கள் இடம். தலைமாட்டில் தகரப் பெட்டி, கால்மாட்டில் அடுத்தவர் தலை. சென்னையில் கிளம்பி, நாகப்பட்டினத்தில் ஆள் ஏற்றிக்கொண்டு, பினாங்கு வழியாக சிங்கப்பூர் போய்ச் சேர ஏழெட்டு நாள். உலகத்தின் பெரிய பயணிக் கப்பல்கள் என்று அழகழகாகப் புத்தகம் போடுகிறார்கள். நடன அரங்கமும் நீச்சல் குளமும் உள்ள கப்பல்களுக்கு அதில் பக்கம் பக்கமாகப் படம். ரஜூலாவுக்கு ஒரு பாராவாவது கிடைத்தால் நம் அதிர்ஷ்டம்.

நம் ஆட்கள் ஏன் போனார்கள்? 1876-ல் தொடங்கிய தாது வருஷப் பஞ்சம் சேலம் ஜில்லாவைக் கசக்கிப் பிழிந்தது. இன்றைய நாமக்கல்லும் அப்போது சேலம் ஜில்லாதான்; 1997-ல்தானே தனி மாவட்டம் ஆனது! பஞ்சம் தீர்ந்தும் பசி தீரவில்லை. மலேயாவில் ரப்பர் தோட்டங்கள் பெருகியபோது, கங்காணிகள் ஊர் ஊராக வந்து ஆள் சேர்த்தார்கள். 1907-ல் தோட்ட முதலாளிகளிடம் பணம் வசூலித்து ஒரு நிதி ஏற்படுத்தி, கூலிகளுக்குக் கப்பல் டிக்கெட் இலவசம் என்று அறிவித்தது அங்கிருந்த அரசாங்கம். மோகனூரில் பரிசல் ஏறிக் காவிரியைத் தாண்டினால் கரூர். அங்கே ரயில் ஏறினால் நாகப்பட்டினம். பஸ்கூடப் பார்க்காத மனுஷர், ஒரே வாரத்தில் பரிசல், ரயில், கப்பல் மூன்றையும் பார்த்துவிடுவார்!

1938-ல் இந்திய அரசு இந்த ஆள் சேர்ப்புக்குத் தடை போட்டது. அதற்கு முந்தின வருஷம் போனவர்தான் எங்கள் ஊர்க்காரர்.

அப்புறம் யுத்தம் வந்தது.

சண்டை வந்தால் முதலில் வேஷம் மாற்றுவது பயணிக் கப்பல்கள்தான். 1915-ல் லூசிடானியா என்ற சொகுசுக் கப்பலை ஜெர்மன் நீர்மூழ்கி தாக்கியதில் கிட்டத்தட்ட 1,200 பேர் இறந்தார்கள். இரண்டாம் உலகப் போரில் குயின் மேரி கப்பலுக்குச் சாம்பல் நிறம் பூசிச் சிப்பாய்களை ஏற்றினார்கள். 1943-ல் ஒரே பயணத்தில் பதினாறாயிரம் பேருக்கு மேல் போனார்கள். ரஜூலாவையும் துருப்புக் கப்பலாக்கினார்கள்.

ரஜூலாவுக்கு 'ரோனா' என்று ஒரு தங்கச்சி இருந்தது. அதே 1926, அதே கம்பெனி, அதே மலேயா ரூட். 1943 நவம்பர் 26. சுமார் இரண்டாயிரம் அமெரிக்கச் சிப்பாய்களுடன் மத்தியதரைக் கடலில் போய்க்கொண்டிருந்தது ரோனா. அவர்கள் வந்துகொண்டிருந்தது எங்கே தெரியுமா? சூயஸ் வழியாக நம் இந்தியாவுக்கு! அல்ஜீரியா கரைக்கு அருகே ஜெர்மன் விமானம் ஒன்று, ரேடியோவால் திசை திருப்பும் குண்டை வீசியது. அந்தக் காலத்துக்கு அது புத்தம் புதுச் சமாச்சாரம். 1,138 பேர் இறந்தார்கள். அதில் 1,015 பேர் அமெரிக்கச் சிப்பாய்கள். எதிரியின் தாக்குதலில் கடலில் அமெரிக்கப் படை இழந்த உயிர்களில் இதுதான் அதிகம். இருந்தும் பல வருஷம் ரகசியமாகவே வைத்திருந்தார்கள். 1996-ல்தான் அலபாமா மாநிலத்தில் நினைவுக்கல் வைத்தார்கள்.

கப்பலை ஓட்டிய அதிகாரிகள் தவிர்த்து, வேலை பார்த்தவர்கள் 195 பேர். பெரும்பாலும் இந்தியர்கள். அவர்களில் 117 பேர் அன்று மூழ்கிப் போனார்கள். கரி தள்ளியவர்கள், சமைத்தவர்கள், டெக் கழுவியவர்கள்... நாகப்பட்டினத்தில் ஏறிய கூலிகள் பாய் விரித்த அதே டெக்!

ரஜூலா பிழைத்துக்கொண்டது. ஆனால், மலேயா வழி அடைபட்டுவிட்டது. 1941 டிசம்பரில் ஜப்பான்காரன் பினாங்கைப் பிடித்தான். 1942 பிப்ரவரி 15-ல் சிங்கப்பூர் விழுந்தது. அதோடு கப்பல் இல்லை, கடுதாசி இல்லை, மணியார்டர் இல்லை.

வராமல் போனதில் இன்னொன்றும் உண்டு... ஜவ்வரிசி! அதுவரை பாயசத்துக்கு வேண்டிய ஜவ்வரிசி வெளிநாட்டிலிருந்து கப்பலில்தான் வந்துகொண்டிருந்தது. கப்பல் நின்றதும் சரக்கும் நின்றது. 1943 வாக்கில் சேலம் மாணிக்கம் செட்டியாரும், பினாங்கிலிருந்து வந்த போபட்லால் ஷாவும் சேர்ந்து, குச்சிக்கிழங்கிலிருந்து இங்கேயே ஜவ்வரிசி செய்ய வழி கண்டுபிடித்தார்கள். இன்று ஆத்தூர், ராசிபுரம், சேந்தமங்கலம் பக்கம் பஸ்ஸில் போகும்போது மூக்கைத் துளைக்கிற அந்த கிழங்கு வாசனை, ஓடாமல் நின்றுபோன கப்பல்கள் நமக்கு விட்டுப்போன சொத்து. எத்தனை குடும்பங்களுக்கு அது சோறு போடுகிறது!

எங்கள் ஆயாவுக்கு மட்டும் அந்தக் கப்பல் எதுவும் விட்டுப் போகவில்லை.

1941 தீபாவளிக்கு வந்ததுதான் கடைசி மணியார்டர். அப்போது ஆயாவுக்கு இருபத்திரண்டு வயது இருக்கும். 1946-ல் ரஜூலா மறுபடி ஓட ஆரம்பித்தது. ஆயாவின் அண்ணன் நாகப்பட்டினம் போய், சத்திரத்தில் தங்கி, இறங்கி வந்த ஒவ்வொருவரையும் நிறுத்தி விசாரித்திருக்கிறார். கடைசியில் ஆத்தூர் பக்கத்து ஆள் ஒருவர் சொன்னாராம். "சயாமுக்கு ரயில் ரோடு போட ஜப்பான்காரன் புடிச்சுட்டுப் போனானுங்க. போனதைப் பார்த்தேன். வந்ததைப் பார்க்கலைங்க."

சயாம் - பர்மா ரயில் பாதை, 415 கிலோமீட்டர். காலராவிலும் பட்டினியிலும் அங்கே செத்துப்போன ஆசியத் தொழிலாளர்கள் பல்லாயிரம் பேர். மலேயாத் தோட்டங்களிலிருந்து போன தமிழர்கள் அதில் ஏராளம்.

ஊர்ப் பெரியவர்கள் கூடிப் பேசித் தாலியைக் கழற்றச் சொன்னார்கள். ஆயா சொன்ன பதிலை எங்கள் ஊரில் இன்றைக்கும் சொல்வார்கள். "போனதைத்தானே பார்த்தாரு? செத்ததைப் பார்த்தவங்க யாராச்சும் வந்து சொல்லட்டும். அப்பறம் கழட்டறேன்."

யாரும் வந்து சொல்லவில்லை.

ஒவ்வொரு கல்யாணத்திலும், அவரை மணவறைப் பக்கம் கூப்பிடுவதா வேண்டாமா என்று குசுகுசுப்பு கிளம்பும். அந்தச் சங்கடத்தை ஆயா மற்றவர்களுக்கு வைக்கவே மாட்டார். விடியற்காலையிலேயே வந்து, சமையல்கட்டில் காய் நறுக்க உட்கார்ந்துவிடுவார். முகூர்த்த நேரத்தில் பந்தலுக்கு வரவே மாட்டார். நான் பார்த்த வரைக்கும் நெற்றியில் குங்குமம் இல்லாமல் இருந்ததில்லை. 1980-களில் இறந்தபோது குங்குமத்தோடுதான் போனார்.

யோசித்துப் பாருங்கள். அவர் புருஷன் ஏறிய கப்பல் கவிழவே இல்லை! போர் முடிந்து திரும்பி வந்து 1973 வரைக்கும் மலேயாவுக்கு ஓடியது. பிறகு நம் ஷிப்பிங் கார்ப்பரேஷன் வாங்கி 'ரங்கத்' என்று பெயர் வைத்தது. அதிக நாள் ஓடாமல் உடைக்கப் போய்விட்டது. அதன் இடத்துக்கு வந்த 'சிதம்பரம்' கப்பலில் 1985-ல் தீப்பிடித்துப் பலர் உயிரிழந்தார்கள். அதோடு அந்தப் பயணிக் கப்பல் போக்குவரத்தே முடிந்தது. மூழ்கிய கப்பல்களுக்குத்தான் சினிமா எடுக்கிறார்கள், நினைவுக்கல் வைக்கிறார்கள். பத்திரமாகத் திரும்பி வந்தும் ஒருவரை மட்டும் இறக்கிவிடாத கப்பலை எந்தக் கணக்கில் எழுதுவது?

உங்களிடம் ஒன்று கேட்கலாமா? உங்கள் வீட்டுப் பரண்மேல் பழைய தகரப் பெட்டி ஏதாவது இருக்கிறதா என்று பாருங்கள். எண்பது, தொண்ணூறு வயதில் யாராவது இருந்தால் பக்கத்தில் உட்கார்ந்து, "நம்ம வீட்ல யாராச்சும் பெனாங்கு போனாங்களா? ரங்கூன், கொழும்பு போனாங்களா?" என்று கேளுங்கள். சேலம், நாமக்கல் பக்கத்தில் ஒரு பெயராவது கிடைக்கும். எந்த வருஷம், எந்தக் கப்பல், கடைசிக் கடுதாசி எப்போது வந்தது என்பதையும் சேர்த்து ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். கப்பலின் பெயர் புத்தகங்களில் பத்திரமாக இருக்கும். பாய் விரித்துப் படுத்துப் போனவரின் பெயர் உங்கள் வீட்டில் மட்டும்தான் இருக்கிறது.