காரை மூச்சு விட வேண்டும்

தரங்கம்பாடிக்குப் போகிறவர்கள் நேராகக் கடலோரக் கோட்டைக்கு நடக்கிறார்கள். தஞ்சை ரகுநாத நாயக்கரின் இசைவோடு 1620-இல் டென்மார்க்காரர்கள் எழுப்பிய கோட்டை, பார்க்க வேண்டியதுதான். ஆனால் இளையவர்களோடு போகும்போது, 1792-இல் கட்டிய நகர வாயிலைத் தாண்டியதுமே அவர்களை நிறுத்திவிடுவேன். ஒரு பக்கம் பாதிரியார் சீகன்பால்கு 1718-இல் கட்டிய புதிய எருசலேம் ஆலயமும் உயரத் தூண் வைத்த ஐரோப்பிய வீடுகளும். பக்கத்துத் தெருக்களில் மரத்தூணும் திண்ணையுமாக நம் ஓட்டு வீடுகள். இவை எப்படித் தப்பின என்றுதான் அவர்கள் கேட்க வேண்டும்.

1845-இல் டென்மார்க் இந்த ஊரை ஆங்கிலேயருக்கு விற்றது. வணிகம் போனது, பணமும் போனது. இடித்துப் புதிதாகக் கட்ட வசதியில்லாததால் பழைய தெருக்கள் அப்படியே நின்றன. பூட்டிக் கிடந்த வீடுகள்தான் விழுந்தன.

அந்தச் சுவர்களைத் தொட்டுப் பாருங்கள். செங்கல்லைச் சுண்ணாம்புக் காரையில் கட்டியிருக்கிறார்கள். நம் பக்கத்துக் கொத்தனார்கள் காரையில் கடுக்காயும் வெல்லமும் ஊறிய நீரைச் சேர்ப்பார்கள். சுண்ணாம்பை நாள்கணக்கில் ஊறவைத்து, அரைத்து, பூசியபின் மெல்ல உலரவிட வேண்டும். அவசரக்காரர்களுக்கு அது ஒத்துவராது. ஆனால் அந்தக் காரை, சுவருக்குள் புகுந்த ஈரத்தை வெளியே விட்டுவிடும்.

உப்புக்காற்று அடிக்கும் ஊரில் அதுதான் உயிர். வெடிப்பு கண்டதும் சிமென்ட் பூசினால் ஒரு வருடம் பளிச்சென்று இருக்கும். ஈரமும் உப்பும் உள்ளேயே தங்கிச் செங்கல்லை அரித்துப் பொடியாக்கும். ஒரு நாள் சிமென்ட் பூச்சு பாளமாகப் பெயர்ந்து விழும்போது செங்கல்லும் கூடவே வரும். குடும்பத்தில் மனத்தாங்கலைப் பேசித் தீர்க்காமல் மூடி வைப்பதும் இப்படித்தான். என் வயதுக்கு அப்படி உள்ளுக்குள் இற்றுப்போன உறவுகள் பலவற்றைப் பார்த்துவிட்டேன்.

2004 சுனாமிக்குப் பிறகு இந்த ஊரின் பழைய வீடுகள் சிலவற்றை பழங்கட்டடங்களைக் காக்கும் இன்டாக் அமைப்பு சீரமைத்தது. ஊர் என்றால் கோட்டையும் ஆலயமும் மட்டுமல்ல, ஒரு சாதாரணக் குடும்பத்தின் திண்ணையும் காக்கத்தக்கதே என்று ஏற்றுக்கொண்ட வேலை அது. எனக்கு அதில் மிகுந்த மகிழ்ச்சி.

உங்கள் ஊர்க் கடைத்தெருவிலும் இப்படி ஒரு கட்டடம் இருக்கும். மராமத்துக்குப் பெரும் நிதி வரட்டும் என்று காத்திருக்காதீர்கள். ஐப்பசி மழைக்கு முன் உரியவரிடம் கேட்டு மாடிக்கு ஏறுங்கள். தண்ணீர் வடியும் துவாரத்தில் அடைத்த சருகை அள்ளுங்கள். சுவரில் அரசங்கன்று முளைத்திருந்தால் விரல் பருமனாக இருக்கும்போதே வேரோடு எடுத்து, அந்தப் பொந்தைச் சுண்ணாம்பால் அடையுங்கள். அடுத்த வருடமும் ஏறிப் பாருங்கள்.