ஒரே படத்தில் வாழ்ந்தவர்

நீலகிரிக்கும் திரைப்படத்துக்கும் உள்ள உறவு நெடியது. உதகையின் ஏரியும் குன்னூரின் தேயிலைச் சரிவுகளும் எண்ணற்ற பாடல் காட்சிகளுக்குப் பின்புலமாயின. 1982இல் வெளிவந்த ‘மூன்றாம் பிறை’யின் இறுதிக்காட்சியால் கேத்தி தொடர்வண்டி நிலையம் தமிழர் நெஞ்சில் நிலைத்தது. சிரிக்கவைக்கும் குரங்குச் சேட்டை அங்கே காண்போரை அழவைத்தது. எனினும், இத்தகைய படங்கள் பலவற்றில் கொழுந்து பறிக்கும் பெண்கள் தொலைவில் தெரியும் வண்ணப் புள்ளிகளாகவே நின்றுவிட்டனர்.

மலையின் மனிதர்கள் திரையின் நடுவே வருவதற்குக் காலம் பிடித்தது. தெப்பக்காட்டில் யானைக்குட்டிகளை வளர்த்த பொம்மனும் பெள்ளியும் 2022இல் ஓர் ஆவணப்படத்தில் தாங்களாகவே தோன்றினர். ‘தி எலிபன்ட் விஸ்பரர்ஸ்’ என்னும் அப்படம் அடுத்த ஆண்டில் ஆஸ்கர் விருது பெற்றது.

அதே 2022இல் சமவெளியிலிருந்தும் ஒரு முதிய முகம் திரைக்கு வந்தது. உசிலம்பட்டி வட்டாரத்து உழவர் நல்லாண்டி, எண்பது வயதைக் கடந்த பின்னர் ‘கடைசி விவசாயி’ படத்தின் நாயகரானார். பெரிய நிறுவனங்களைச் சாராமல் இயக்குநர் மணிகண்டனே அதனைத் தயாரித்தார்.

தொல்காப்பியம் எட்டு மெய்ப்பாடுகளுள் நகையை முதலில் வைக்கிறது. நகை பிறக்கும் நான்கு களன்களுள் பேதைமையும் ஒன்று. நல்லாண்டியின் நகைச்சுவை அங்கிருந்தே பிறப்பதுபோல் தோன்றும். விதையில்லாத் தக்காளியைப் பற்றிக் கேட்டதும் அவர் வியந்து சினக்கிறார், அரங்கம் சிரிக்கிறது. இறந்துகிடந்த மயில்களைப் புதைத்ததற்காகக் கைதாகி நீதிமன்றத்தில் நிற்கும்போதும் அவர் கவலையெல்லாம் தண்ணீரின்றி வாடும் நாற்றைப் பற்றியதே. அவர் தம்மைக் காத்துக்கொள்ள ஒரு சொல்லும் தேடுவதில்லை. சிரித்து முடித்த பிறகுதான், பேதைமை அவரிடம் இல்லை, நம்மிடமே உள்ளது என்பது விளங்குகிறது.

அவர் நடிப்பு பயின்றவர் அல்லர். மண்வெட்டியைப் பிடிக்கும் முறையும், மாடுகளோடு நடக்கும் நிதானமும் அவர் வாழ்விலிருந்து வந்தவை. ஒப்பனையால் அவற்றைப் பெற இயலாது.

படம் வெளிவரும் முன்பே நல்லாண்டி மறைந்தார். 2023இல் அறிவிக்கப்பட்ட தேசிய விருதுகளில் ‘கடைசி விவசாயி’ சிறந்த தமிழ்ப் படமாகத் தேர்வு பெற்றது; நல்லாண்டியின் நடிப்பு சிறப்புக் குறிப்பைப் பெற்றது. அரங்கில் எழுந்த சிரிப்பையும் கைதட்டலையும் கேட்க அவர் இல்லை. விளைச்சலைக் காணாமல் விதைத்துச் சென்ற உழவரைப்போல் அவர் சென்றுவிட்டார்.

குன்னூர்ச் சரிவில் இன்றும் மூடுபனி விலகும் வேளையில், முதுகில் கூடையுடன் பெண்கள் வரிசையாக ஏறுகின்றனர். ஒருத்தி ஏதோ சொல்ல, வரிசை முழுவதும் சிரிக்கிறது. அந்தச் சிரிப்புக்கு உரியவளை இதுவரை எந்தப் படக்கருவியும் அருகில் சென்று பார்த்ததில்லை.