ஏழாம் பிரிவு பற்றி

புதுக்கோட்டை

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுவது. நீ அனுப்பிய காலப் பயண நாவலின் நான்கு அத்தியாயங்களையும் படித்துவிட்டேன். உன் மச்சான் இரண்டோடு நிறுத்திக்கொண்டு, "இத்தனை பெரிய ஒப்பந்தம் போட்டிருக்கான், வாசலில் நிற்க ஒரு போலீஸ்காரன்கூட இல்லையே" என்றார். கிண்டலாகத்தான் சொன்னார். எனக்கும் அதுதான் குறையாகப் பட்டது.

அந்த ஒப்பந்தத்தின் ஏழாம் பிரிவில், எந்த வல்லரசும் எதிரியின் கடந்தகாலத்துக்குள் அனுமதியில்லாமல் ஆள் அனுப்பக் கூடாது என்று எழுதியிருக்கிறாய். கேட்கக் கம்பீரமாக இருக்கிறது. ஆனால் எதிரியின் கடந்தகாலம் எது, நம்முடையது எது என்று எங்கே கோடு போடுவாய்? நம் கீழாநிலைக்கோட்டையையே எடுத்துக்கொள். தஞ்சாவூர் மன்னர் பிரதாபசிங் அதைத் தங்களுக்குக் கொடுத்துவிட்டார் என்பது புதுக்கோட்டைத் தொண்டைமான் தரப்பு. தளபதி கூட், மெக்கார்ட்னி பிரபு ஆகியோர் கொடுத்த வாக்குகளும் அவர்கள் கையில் இருந்தன. கோட்டை என்னவோ கைமாறிக்கொண்டே இருந்தது. கடைசியில் 1803ல் கிழக்கிந்தியக் கும்பெனியார் அதைத் தொண்டைமானிடம் ஒப்படைத்தார்கள். பழைய கொடை, பழைய வாக்கு என்று காரணம் சொன்னாலும் பாளையக்காரர் போரில் அவர் செய்த உதவிக்கு அது கைம்மாறும்கூட. (1799ல் திருக்களம்பூர்க் காட்டில் கட்டபொம்மன் பிடிபட்டதைப் பேச ஆரம்பித்தால் நம் ஊரில் இன்றைக்கும் டீக்கடை இரண்டு கட்சியாகும். உனக்குத் தெரியாததா?)

கொடுத்தவர்கள் சும்மா கொடுக்கவில்லை. அதை வேறு யாருக்கும் கொடுக்கக் கூடாது, குடிகளைக் கொடுமைப்படுத்துவது நிரூபணமானால் திரும்பப் பிடுங்கிக்கொள்வோம், வருஷத்துக்கு ஒரு யானை கப்பம் என்று நிபந்தனை போட்டார்கள். யானைக் கப்பத்தை 1836ல் தள்ளுபடி செய்தார்கள். உன் கால இயந்திரம் அன்றைக்கு இருந்திருந்தால் தஞ்சாவூரும் தொண்டைமானும் கும்பெனியும் பிரதாபசிங் தர்பாருக்கு ஆளுக்கொரு ஒற்றனை அனுப்பியிருப்பார்கள். மூன்று பேரும் ஒரே தூணுக்குப் பின்னால் முட்டிக்கொண்டு, இது எங்கள் கடந்தகாலம் என்று சண்டை போட்டிருப்பார்கள். அந்தக் காட்சியை நீ எழுது. உன் ஜெனீவா மாநாட்டை விட நன்றாக வரும்.

இன்னொன்று. நேரத்தைப் பங்கு போட்டுக்கொண்ட இரண்டு எதிரிகள் கதையில் மட்டுமா இருக்கிறார்கள்? நம் கடலுக்கு அந்தப் பக்கம் பத்து வருஷம் அப்படித்தான் நடந்தது. 1996 மே மாதம் இலங்கை அரசு மின்சாரத் தட்டுப்பாட்டுக்காகக் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளியது. அக்டோபரில் அரை மணியைத் திரும்பக் குறைத்தது. விடுதலைப் புலிகள் இரண்டையும் ஏற்கவில்லை. அவர்கள் கட்டுப்பாட்டுப் பகுதிகளில் பழைய நேரமே நடந்தது. அதாவது கிளிநொச்சிக் கடிகாரமும் நம் புதுக்கோட்டைக் கடிகாரமும் ஒரே மணி காட்டும். கொழும்பு மட்டும் அரை மணி முன்னே ஓடும். 2002 பிப்ரவரியில் போர்நிறுத்த ஒப்பந்தம் வந்து பாதை திறந்த பிறகு, வவுனியாவிலிருந்து வடக்கே போகிறவர்கள் ஓமந்தைச் சாவடியைத் தாண்டினால் அரை மணி பின்னால் போய்விடுவார்கள். திரும்பி வந்தால் அரை மணி காணாமல் போகும். பஸ்ஸில் போகிற கிழவிக்கும் இந்தக் காலப் பயணம் உண்டு. அதற்கு அவள் பையைத் திறந்து காட்ட வேண்டும், அடையாள அட்டை காட்ட வேண்டும், அந்தப் பக்கம் போனால் கொண்டுபோகும் சாமானுக்கு வரி கட்ட வேண்டும். சாவடி மாலையில் மூடிவிடும். ஆறு மணி என்றால் யாருடைய ஆறு மணி?

நம் லேணாவிளக்கு அகதிகள் முகாமுக்கு வந்து சேர்ந்தவர்களில் வன்னிக்காரர் யாராவது இருந்தால் போய்க் கேட்டுவிட்டு எழுது. நீயாகக் கற்பனை செய்தால் சாவடியில் லேசர் வைப்பாய்.

அந்தப் போர்நிறுத்த ஒப்பந்தத்தின் முடிவும் உனக்கு உதவும். விலகுகிறவர்கள் பதினான்கு நாள் முன்னதாக நடுவராக இருந்த நோர்வேக்கு அறிவிக்க வேண்டும் என்று ஒரு பிரிவு. இலங்கை அரசு 2008 ஜனவரி 2ல் அறிவித்தது, 16ல் ஒப்பந்தம் முடிந்தது. எல்லாம் சட்டப்படி. ஆனால் யாழ்ப்பாணத்துக்கான தரைவழி 2006 ஆகஸ்டிலேயே அடைபட்டுப் பலர் ஊர் திரும்ப முடியாமல் மாட்டிக்கொண்டார்கள். பாதை செத்த பிறகும் காகிதம் பதினேழு மாதம் உயிரோடு இருந்தது. கொழும்பு தன் கடிகாரத்தைப் பழைய நேரத்துக்கே கொண்டுவந்ததும் அதே 2006 ஏப்ரலில்தான். மணி ஒன்றாகி நாலு மாதத்தில் வழி மூடியது. உன் நாவலில் ஒப்பந்தம் முறிகிற அன்று 1920க்குப் போன ஆள் என்ன ஆகிறான்? நீ தலைவர்களின் கோபத்தை மூன்று பக்கம் எழுதியிருக்கிறாய். அவனுக்கு ஒரு வரிகூட இல்லை.

நம் கோட்டைப்பட்டினம், ஜெகதாப்பட்டினத்தில் விசைப்படகுக்கு வாரத்தில் மூன்று நாள், நாட்டுப்படகுக்கு நாலு நாள் என்று ஒரே கடலை நாளாகப் பிரித்துக்கொண்டிருக்கிறார்களே, அதுவும் இந்த ரகம்தான். அங்கே டோக்கன் கொடுக்க ஒரு மேசையும் ஒரு ஆளும் உண்டு. உன் கதைக்கும் அந்த மேசை வேண்டும்.

ஐந்தாம் அத்தியாயத்தைக் கொஞ்சம் பெரிய எழுத்தில் அச்செடுத்து அனுப்பு. கண்ணாடி மாற்ற வேண்டும் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார், இன்னும் மாற்றவில்லை. ஊருக்கு வரும்போது இரண்டு நாள் கூடப் போட்டுக்கொண்டு வா. கீழாநிலைக்கோட்டைக்கு மச்சான் பைக்கிலேயே போய் வரலாம், அவர் சம்மதித்துவிட்டார்.

அன்புடன்,
அக்கா