மொத்து

'மொத்து'ங்கிற சொல்லைக் கடைசியா எப்போ கேட்டீங்க? அகராதியைப் புரட்டினால் 'அடித்தல்' என்று இருக்கும். அது போதாதுங்க.

தமிழில் அடிக்கா பஞ்சம்? விரல்முட்டியால் தலையில் வைத்தால் குட்டு. உள்ளங்கையால் கன்னத்தில் விட்டால் அறை. கையை மடக்கி விட்டால் குத்து. இதெல்லாம் இடம் பார்த்து விழுகிற அடி. மொத்து அப்படியில்லை, கை போன போக்கில் விழும். இன்ஜினியரிங் பாஷையில் சொன்னால், விசை உண்டு, திசை கிடையாது.

இந்த வித்தியாசம் எனக்குப் புரிந்தது ஆச்சி புளி தட்டும்போதுதான். கொட்டை முழுசா வெளியே வரணும். உடைந்தால் தூள் புளியோடு கலந்துவிடும். தம்பி சுத்தியலை ஓங்கினால், "ஏல, தட்டச் சொன்னா மொத்துதியே!" என்பாள். திட்டும் அதுதான், பாடமும் அதுதான்.

ஆச்சி போய் மூணு வருஷமாச்சு. இப்போ கொட்டை நீக்கின புளி பாக்கெட்டில் வருது. வீட்டில் எல்லா அடிக்கும் 'அடி' ஒண்ணுதான். தட்டுற வேலை போனதும், தப்பா தட்டுறதுக்கான சொல்லும் கூடவே கிளம்பிடுச்சு.

கிரிக்கெட்டில் எவனாவது கண்ணை மூடிக்கிட்டு மட்டையைச் சுத்தினா, 'மொத்துறான்'னு சத்தமாவே சொல்றேன். பக்கத்தில் இருக்கிறவன் "அப்படின்னா?"ன்னு கேக்குறான். சொல்லிக் கொடுக்க எனக்கு அது போதும்.