எங்கே நிறுத்தினாலும் ஆடியவர்

எல்லா கிரிக்கெட் டீமிலும் இப்படி ஒரு ஆள் இருப்பார். ஓபனருக்குக் காய்ச்சலா, அவரை அனுப்பு. கீப்பர் சரியாக பேட்டிங் செய்வதில்லையா, கிளவுஸை அவர் கையில் கொடு. 2003 உலகக் கோப்பையில் ராகுல் டிராவிட் ஸ்டம்புக்குப் பின்னால் குத்தவைத்து உட்கார்ந்ததெல்லாம் ஞாபகமிருக்கும். டீமுக்கு ஒரு பேட்ஸ்மேன் கூடுதலாகக் கிடைத்தார், சரி. ஆனால் அந்த ஆளுக்கு என்ன கிடைக்கிறது என்று யாரும் அவ்வளவாகக் கேட்பதில்லை.

பேஸ்பாலில் இந்தக் கேள்வியைக் கேட்க ஆரம்பித்தால் கில் மெக்டூகல்ட் என்ற பெயரில் வந்து நிற்கும். 1928ல் சான்பிரான்சிஸ்கோவில் பிறந்தவர். 1951 முதல் 1960 வரை பத்து சீசன், எல்லாமே நியூயார்க் யாங்கீஸ் அணிக்காக. அந்தப் பத்து வருடத்தில் யாங்கீஸ் எட்டு முறை வேர்ல்ட் சீரிஸுக்குப் போனது, ஐந்து முறை ஜெயித்தது. அந்த டீமைப் பற்றிக் கேட்டால் மிக்கி மேன்டில் என்பார்கள், யோகி பெர்ரா என்பார்கள். மெக்டூகல்ட் பெயர் மூன்றாவதாகக்கூட வராது.

பேஸ்பால் பார்க்காதவர்களுக்காகக் கொஞ்சம் விளக்கம் (பார்த்தவர்கள் ஒரு பத்தி தாண்டிப் போகலாம்). மைதானத்தின் உள்பகுதி சாய்த்து வைத்த சதுரம் மாதிரி இருக்கும். நாலு மூலையில் ஒன்றில் பேட்ஸ்மேன், மற்ற மூன்றும் பேஸ். உள்ளே நிற்கும் ஃபீல்டர்கள்தான் இன்ஃபீல்டர்கள். தேர்ட் பேஸில் நிற்பவருக்கு பந்து வரும் வேகம் அதிகம், யோசிக்க நேரமே இருக்காது. பிடித்த பிறகு குறுக்கே முழு மைதானத்துக்கும் எறிய வேண்டும். செகண்ட் பேஸுக்கும் தேர்ட் பேஸுக்கும் நடுவில் நிற்பவர் ஷார்ட்ஸ்டாப். அவர் ஓட வேண்டிய தூரம் அதிகம், கையும் பலமாக இருக்க வேண்டும். செகண்ட் பேஸ்மேனின் கஷ்டம் வேறு. ஒரே பந்தில் இரண்டு பேரை அவுட்டாக்கும் டபுள் ப்ளேயில், பந்தை வாங்கி, உடம்பைத் திருப்பி, அடுத்த பேஸுக்கு எறிய வேண்டும். அந்த நேரத்தில் ரன்னர் ஒருவர் அவர் காலை நோக்கிச் சறுக்கிக்கொண்டு வருவார். மூன்றும் பக்கத்துப் பக்கத்து இடங்கள்தான், ஆனால் கால் வைக்கும் விதம், கோணம், எறியும் தூரம் எல்லாம் வேறு. பெரும்பாலான ஆட்டக்காரர்கள் ஒன்றைக் கற்றுக்கொள்வதிலேயே காலத்தை ஓட்டிவிடுவார்கள்.

மெக்டூகல்ட் மூன்றிலும் நின்றார். சும்மா ஆள் இல்லாத நாளில் போய் நின்றதாக நினைத்துவிட வேண்டாம். டபுள் ப்ளேயில் லீகிலேயே முதலிடம் என்பது ஒரு இன்ஃபீல்டருக்குப் பெரிய விஷயம். அவர் 1952ல் தேர்ட் பேஸில் முதலிடம், 1955ல் செகண்ட் பேஸில் முதலிடம், 1957ல் ஷார்ட்ஸ்டாப்பில் முதலிடம்!

எதற்காக இப்படி மாறி மாறி நின்றார் என்று பார்த்தால்தான் வேடிக்கை. ஒவ்வொரு மாற்றத்துக்கும் பின்னால் வேறொருவரின் கதை இருக்கிறது. 1952ல் பில்லி மார்ட்டின் செகண்ட் பேஸுக்கு வந்தார், மெக்டூகல்ட் தேர்ட் பேஸுக்கு நகர்ந்தார். மார்ட்டின் ராணுவத்துக்குப் போனார், இவர் செகண்ட் பேஸுக்குத் திரும்பினார். ஷார்ட்ஸ்டாப் ஃபில் ரிசுட்டோவுக்கு வயதாகிவிட்டது, 1956ல் அந்த இடத்துக்கு இவர். அப்புறம் டோனி குபெக் என்ற இளைஞர் ஷார்ட்ஸ்டாப்பாக வளர்ந்தார், 1958ல் இவர் மறுபடி செகண்ட் பேஸ். பாபி ரிச்சர்ட்சன் செகண்ட் பேஸில் தலையெடுத்தார், இவர் இன்னும் கொஞ்சம் நகர்ந்தார். மேனேஜர் கேஸி ஸ்டெங்கலுக்கு இந்த மாதிரி ஆட்கள் என்றால் கொள்ளைப் பிரியம். யாரை எங்கே எப்போது இறக்குவது என்பதை ஒரு கலையாகவே ஆக்கியவர் அவர். அப்படிப்பட்ட மேனேஜருக்கு மெக்டூகல்ட் கையில் இருக்கும் ரொக்கம் மாதிரி. மற்ற சொத்துக்களை விற்றால்தான் பணம், இதை எப்போது வேண்டுமானாலும் எடுத்துச் செலவழிக்கலாம்.

பேட்டிங்கிலும் ஆள் லேசுப்பட்டவர் இல்லை. முதல் வருடம், 1951 மே 3, செயின்ட் லூயிஸில் ஒரு மேட்ச். ஒன்பதாவது இன்னிங்ஸில் யாங்கீஸ் 11 ரன் குவித்தது, அதில் ஆறு ரன் இவர் அடித்து வந்தது. ஒரே இன்னிங்ஸில் ஆறு என்பது அன்றைக்கு இருந்த சாதனைக்குச் சமம். அதே வருட வேர்ல்ட் சீரிஸில் மூன்று பேஸிலும் ஆள் இருக்கும்போது ஹோம் ரன் அடித்தார். வேர்ல்ட் சீரிஸில் அப்படி அடித்த முதல் புதுமுகம் அவர்தான். அமெரிக்கன் லீகின் சிறந்த புதுமுக விருதும் கிடைத்தது. மேன்டிலும் அதே வருடம் அதே டீமில் வந்த புதுமுகம் என்பதை இங்கே சொல்ல வேண்டும். நியாயமாக இன்னொன்றும் சொல்ல வேண்டும்: அந்த விருது சிகாகோவின் மின்னி மினோசோவுக்குப் போயிருக்க வேண்டும் என்று வாதிடுபவர்கள் உண்டு, அவர்கள் பக்கம் எண்களும் உண்டு.

1956 அக்டோபர் 8. வேர்ல்ட் சீரிஸின் ஐந்தாவது மேட்சில் டான் லார்சன் புரூக்ளின் அணிக்கு எதிராக 27 பேரையும் வரிசையாக அவுட்டாக்கினார். ஒருவர்கூட முதல் பேஸைத் தொடவில்லை. வேர்ல்ட் சீரிஸில் இன்றுவரை அப்படி நடந்தது அந்த ஒருமுறைதான். எல்லோருக்கும் ஞாபகம் இருப்பது கடைசியில் யோகி பெர்ரா ஓடிவந்து லார்சன் மேல் தாவிய படம். ஆனால் இரண்டாவது இன்னிங்ஸ் முதல் ஆளாக ஜாக்கி ராபின்சன் அடித்த பந்து தேர்ட் பேஸ்மேன் ஆண்டி கேரியின் கிளவுஸில் பட்டுத் தெறித்தது. நேராக வந்த இடம் ஷார்ட்ஸ்டாப். எடுத்து எறிந்தார் மெக்டூகல்ட். ராபின்சன் மயிரிழையில் அவுட். அப்போது ராபின்சனுக்கு வயது 37, இன்னும் நாலைந்து வயது குறைவாக இருந்திருந்தால் தப்பித்திருப்பார் என்பார்கள். இருக்கலாம். ஆனால் அந்த எறி இல்லையென்றால் அந்த சாதனையே இல்லை.

இதுவரை சொன்னதோடு முடிந்திருந்தால் நல்ல கதைதான். ஆனால் இந்த மனிதரின் வாழ்க்கையைத் திருப்பிப் போட்டவை இரண்டு பந்துகள். ஒன்று அவர் மேல் வந்து பட்டது, இன்னொன்று அவர் அடித்தது.

முதல் பந்து, 1955 ஆகஸ்ட். மேட்சுகூட இல்லை, மேட்சுக்கு முன்னால் நடக்கும் பேட்டிங் பயிற்சி. செகண்ட் பேஸ் பக்கத்தில் ஒரு தடுப்பு வலைக்குப் பின்னால் நின்றிருந்தார். கீழே கிடந்த ஒரு பந்தை எடுக்க வலையைத் தாண்டிக் குனிந்தார். அந்த நேரம் பார்த்து சக ஆட்டக்காரர் பாப் செர்வ் அடித்த பந்து நேராக வந்து இடது காதருகில் அடித்தது. லேசான அதிர்ச்சிதான் என்றார்கள். சில நாளில் ஆடவும் வந்துவிட்டார். மேலே சொன்ன 1956, 1957 எல்லாம் அதற்குப் பிறகு ஆடியதுதான். ஆனால் அடி உள்ளே வேலை செய்துகொண்டே இருந்தது. இடது காது முதலில் மங்கியது. பிறகு வலது காதும்.

இரண்டாவது பந்து, 1957 மே 7, க்ளீவ்லேண்ட். எதிரே பந்து வீசியவர் ஹெர்ப் ஸ்கோர், வயது 23. 1955ல் முதல் வருடத்திலேயே 245 பேரை ஸ்ட்ரைக் அவுட் செய்தவர். 1956ல் 263 பேர், 20 வெற்றி. அவரை வாங்க பாஸ்டன் அணி பத்து லட்சம் டாலர் தருவதாகச் சொல்ல, முடியாது என்று அனுப்பிவிட்டது க்ளீவ்லேண்ட். அந்தக் காலத்தில் பத்து லட்சம் டாலர்!

முதல் இன்னிங்ஸ், யாங்கீஸின் இரண்டாவது ஆளாக மெக்டூகல்ட். அவர் அடித்த பந்து வந்த வழியே திரும்பிப் போய் ஸ்கோரின் வலது கண்ணில் பட்டது. பந்தை வீசி முடித்த பிட்சர் அறுபதடிக்கும் குறைவான தூரத்தில், நிலை தடுமாறிய மாதிரிதான் நிற்பார். தலைக்கவசம் கிடையாது. பந்து முகத்தில் பட்டுத் தெறித்து தேர்ட் பேஸ்மேனிடம் போக, அவர் முதல் பேஸுக்கு எறிந்தார். ஸ்கோர்புக் கணக்குப்படி அது சாதாரண அவுட். மெக்டூகல்டோ முதல் பேஸுக்கு ஓடவே இல்லை. நேராகப் பிட்சர் விழுந்து கிடந்த இடத்துக்கு ஓடினார்.

ஸ்கோருக்குப் பார்வை போனால் ஆட்டத்தையே விட்டுவிடுவதாக அன்றைக்குச் சொன்னார் மெக்டூகல்ட். நல்ல வேளையாகப் பார்வை திரும்பியது. அந்த வருடம் முழுக்க ஆடாமல் இருந்து, 1958ல் ஸ்கோர் மைதானத்துக்குத் திரும்பினார். ஆனால் பழைய ஸ்கோர் திரும்பவில்லை. கணக்குப் போட்டால் தெரியும்: மொத்தம் 55 வெற்றி, அதில் 38 அந்த இரவுக்கு முன், பிறகு 1962 வரை வெறும் 17. இதற்கு அந்தப் பந்தைக் குற்றம் சொல்ல ஸ்கோர் கடைசிவரை ஒப்புக்கொள்ளவில்லை. 1958ல் முழங்கையில் ஏற்பட்ட காயம்தான் காரணம் என்றே சொல்லிவந்தார். அது உண்மையாகவே இருக்கலாம். எதிராளியின் மேல் பாரம் ஏறக்கூடாது என்கிற பெருந்தன்மையும் அதில் கொஞ்சம் இருந்திருக்கலாம். பிறகு ஸ்கோர் வர்ணனையாளராகி 1997 வரை க்ளீவ்லேண்ட் மேட்சுகளைச் சொல்லிக்கொண்டிருந்தார்.

மெக்டூகல்ட் தொடர்ந்து ஆடினார். 1958 வேர்ல்ட் சீரிஸில் மில்வாக்கி 3-1 என்று முன்னிலையில் இருந்த நிலையிலிருந்து யாங்கீஸ் மீண்டு ஜெயித்தது. ஆறாவது மேட்சின் பத்தாவது இன்னிங்ஸில் வாரன் ஸ்பான் பந்தில் ஹோம் ரன் அடித்து அந்த மீட்சியை நடத்தியவர்களில் அவரும் ஒருவர். ஆனால் ஆட்டத்தில் இருந்த சந்தோஷம் அந்த க்ளீவ்லேண்ட் இரவோடு போய்விட்டது என்று பிற்காலத்தில் சொன்னார். யாரும் வேண்டுமென்று செய்யாத தவறுக்கு யாரிடம் போய் மன்னிப்புக் கேட்பது? செர்வ் மேல் இவருக்குக் கோபம் இல்லை. இவர் மேல் ஸ்கோருக்குக் கோபம் இல்லை. கோபம் இருந்திருந்தால் ஒருவேளை சீக்கிரம் தீர்ந்திருக்கும்.

கடைசி மேட்ச் 1960 வேர்ல்ட் சீரிஸின் ஏழாவது மேட்ச், பிட்ஸ்பர்க். ஒன்பதாவது இன்னிங்ஸில் இன்னொருவருக்குப் பதிலாக ஓட மட்டும் இறக்கினார்கள். ஓடி வந்து 9-9 என்று சமன் செய்த ரன் அவருடையது. அதே இன்னிங்ஸின் மறுபாதியில் பில் மாசெராஸ்கி அடித்த ஹோம் ரன்னோடு எல்லாம் முடிந்தது. பத்து வருடம் எங்கே நிற்கச் சொன்னாலும் நின்றவரின் கடைசி வேலையும் மாற்று ஆள் வேலைதான்!

அந்தக் குளிர்காலத்தில் லீகில் இரண்டு புது அணிகள் சேர்ந்தன. பழைய அணிகள் தங்களிடம் இருப்பவர்களில் சிலரை அவர்கள் எடுத்துக்கொள்ள விட்டுக்கொடுக்க வேண்டும். அப்போதெல்லாம் ஆட்டக்காரர் தன் அணியைத் தானே தேர்ந்தெடுக்க முடியாது. ஒப்பந்தம் முடிந்தாலும் உரிமை அணியிடமே இருக்கும். அணி விற்கலாம், மாற்றலாம், விட்டுக்கொடுக்கலாம். ஆட்டக்காரர் கையில் இருந்த ஒரே உரிமை, ஆட மாட்டேன் என்று வீட்டுக்குப் போவதுதான். 32 வயதில் மெக்டூகல்ட் அந்த உரிமையைப் பயன்படுத்தினார். மொத்தக் கணக்கு: 1,336 மேட்ச், 1,291 ஹிட், 112 ஹோம் ரன், சராசரி 0.276. செகண்ட் பேஸில் 600 மேட்சுக்குப் பக்கம், தேர்ட் பேஸில் 500 சொச்சம், ஷார்ட்ஸ்டாப்பில் 300க்குச் சற்றுக் குறைவு. எல்லாம் ஒரே இடத்தில் இருந்திருந்தால் அந்த இடத்தின் பெரிய பெயர்களில் ஒன்றாகச் சொல்லியிருப்பார்கள். மூன்றாகப் பிரிந்ததால் மூன்று பட்டியலிலும் நடுவில் எங்கேயோ இருக்கிறார்.

பிறகு கட்டடப் பராமரிப்புத் தொழில் நடத்தினார். 1970 முதல் 1976 வரை ஃபோர்டாம் பல்கலைக்கழக அணிக்குக் கோச். பையன்கள் பேசுவது கேட்காமல் போனதால் அதையும் விட வேண்டியதாயிற்று. தொலைபேசி போனது. நாலு பேர் பேசும் இடத்தில் உட்காருவது போனது. ஆட்டத்தில் எந்த இடத்திலும் பொருந்தியவருக்குச் சாப்பாட்டு மேசையில் இடமில்லாமல் ஆனது.

1994ல் நியூயார்க் டைம்ஸில் அவர் காது கேளாமை பற்றி ஒரு கட்டுரை வந்தது. அதைப் படித்த ஒரு மருத்துவர் தொடர்புகொள்ள, அதே வருடக் கடைசியில் காக்ளியர் இம்பிளான்ட் அறுவை சிகிச்சை நடந்தது. வெளியில் இருக்கும் மைக் ஒலியை வாங்கி, உள் காதில் வைத்த மெல்லிய மின்முனைகள் வழியாக நேராகக் கேள்வி நரம்புக்கு அனுப்பும் கருவி அது. புண் ஆறிய பிறகுதான் அதை இயக்கிப் பார்ப்பார்கள். 1995 தொடக்கத்தில் இயக்கினார்கள். பக்கத்தில் இருந்த குடும்பத்தார் பேசியது கேட்டது. அதன் பிறகு காது கேளாதவர்களிடம் இந்தக் கருவியைப் பற்றிப் பேசப் போவதையும் ஒரு வேலையாக வைத்துக்கொண்டார்.

ஸ்கோர் 2008 நவம்பரில் காலமானார். மெக்டூகல்ட் 2010 நவம்பர் 28ல், நியூஜெர்சியில், 82வது வயதில்.