பஸ்ஸை விட்டுவிடாதே

சென்னை,
ஞாயிற்றுக்கிழமை

அன்புள்ள மலர்,

உன் வாட்ஸ்அப் பதிவைக் கேட்டேன். போனில் சொன்னால் பாதி காற்றோடு போய்விடும், அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன். "பழைய விபத்துக் காயமென்றால் கடைசியில் ஒரு எஸ் போடு, அவ்வளவுதான்" என்று சொல்லிவிட்டு மெடிக்கல் கோடிங் டிரெயினர் அடுத்த சாப்டருக்குப் போய்விட்டார் என்கிறாய். பரீட்சைக்கு அது போதும். வேலைக்குப் போதாது.

அமெரிக்க ஆஸ்பத்திரி சார்ட்டுகளுக்கு நீ போடப்போகிற காயக் கோடில் ஏழாவது எழுத்து ஏ என்றால் காயத்துக்கே சிகிச்சை நடக்கிறது. டி என்றால் அந்தக் கட்டம் முடிந்து, ஆறிவரும்போது காட்டிவிட்டுப் போகிறார்கள். எஸ் என்றால் காயம் ஆறிவிட்டது, ஆனால் அதனால் வந்த கோளாறு ஒன்று உடம்பில் தங்கிவிட்டது. டிக்கும் எஸ்ஸுக்கும் நடுவில்தான் புதுசாக வருகிறவர்கள் தடுமாறுவார்கள். எத்தனையாவது விசிட் என்று எண்ணாதே. விபத்து நடந்து எத்தனை மாசம் ஆச்சு என்றும் பார்க்காதே. எஸ்ஸுக்குக் காலக்கெடு கிடையாது என்று கைட்லைன்ஸிலேயே இருக்கிறது. இன்றைக்கு டாக்டர் எதைப் பார்க்கிறார், காயத்தையா, காயம் விட்டுப்போன கோளாறையா? அதை மட்டும் கேட்டுக்கொள்.

ஒரு சார்ட் இப்படி வருகிறது என்று வை. அறுபத்தைந்து வயசு அம்மா, வலது முழங்கால் வலி, மாடிப்படி ஏற முடியவில்லை. எக்ஸ்ரேயில் மூட்டுத் தேய்மானம். சில வருஷத்துக்கு முன்னால் டவுன் பஸ்ஸில் நின்றுகொண்டு போகும்போது டிரைவர் திடீரென்று பிரேக் போட, கீழே விழுந்து முழங்காலுக்குக் கீழே எலும்பு முறிந்தது. அதனால் வந்த தேய்மானம்தான் இது என்று டாக்டரே எழுதியிருக்கிறார். இப்போது முதலில் வருவது தேய்மானம்: எம்17.31, வலது முழங்காலில் அடிபட்டதால் வந்த மூட்டுத் தேய்மானம். அதற்கு அடுத்து எஸ்82 வரிசையில் அந்தப் பழைய எலும்பு முறிவு, கடைசியில் எஸ். அதற்கும் அடுத்து வி78.6, இடம் நிரப்ப இரண்டு எக்ஸ், ஒரு எஸ். எதிலும் மோதாமல், ரோட்டில் ஓடிக்கொண்டிருந்த பஸ்ஸுக்குள் பயணி அடிபட்டார் என்று பொருள். எம் கோடுக்கு எஸ் கிடையாது. காயத்தின் கோடுக்கும் விபத்தின் கோடுக்கும்தான். எங்கே விழுந்தார், என்ன செய்துகொண்டிருந்தார் என்று சொல்லும் ஒய்92, ஒய்93 முதல் சிகிச்சையோடு சரி. எஸ்ஸோடு அவற்றைச் சேர்த்தால் ஆடிட்டில் திருப்பி அனுப்புவார்கள்.

எலும்பு கோணலாகக் கூடியிருந்தாலோ கூடவே இல்லை என்றாலோ எஸ்ஸுக்கு ஓடாதே. அதற்கென்று பி, கே என்று தனி எழுத்துகள் இருக்கின்றன. அங்கே முறிவுக்கே இன்னும் வைத்தியம் நடக்கிறது.

இன்னொன்று, "ஹிஸ்டரி ஆஃப்" என்று டாக்டர் எழுதியதைப் பார்த்தவுடன் இசட்87க்குப் போய்விடுகிற பழக்கம். காயம் ஆறி, மிச்சம் மீதி இல்லாமல் போனவருக்குத்தான் அது. கால் இன்னும் வலிக்கிறவருக்கு அதைப் போட்டால் அவர் நன்றாக இருக்கிறார் என்று எழுதிக்கொடுத்த மாதிரி ஆகிவிடும்.

விபத்துக் கோடுகளை ஒருநாள் சாவகாசமாக வாசித்துப் பார். பஸ் பயணிக்கு வி70 முதல் 79 வரை, ரயிலுக்கு வி81, டிராமுக்கு வி82. ஏறும்போதோ இறங்கும்போதோ விழுந்தால் வி78.4. படியில் தொங்கிக்கொண்டு போனவருக்கு வி78.7, வண்டிக்கு வெளியே இருந்தவர் யார் யார் என்று சொல்லும் குறிப்பில் படியில் நிற்பவரையும் தொங்குகிறவரையும் சேர்த்தே சொல்லியிருக்கிறார்கள். காலை எட்டு மணிக்கு நம் ஊர் பஸ்ஸைப் பார்த்தவர்கள் எழுதினாற்போல இருக்கும். பஸ்ஸில் உட்கார்ந்தவர், நின்றவர், இறங்கியவர், தொங்கியவர் என்று பிரித்துப் பார்த்தால்தான் கதவு சரியில்லையா, பிரேக் போடுகிற விதம் சரியில்லையா, கைப்பிடி போதவில்லையா என்று யாராவது கேட்க முடியும்.

அந்தப் பிரிவினை விபத்து நடந்த அன்றைக்கு மட்டும் இருந்தால் போதாது. அமெரிக்காவில் 2015 அக்டோபர் 1க்கு முன்னால் பழைய கோடிங்கில் மோட்டார் வாகன விபத்தின் நாள்பட்ட விளைவு என்று ஈ929.0 ஒன்றுதான் இருந்தது. பஸ்ஸில் விழுந்தவர், பைக்கில் போனவர், கார் ஓட்டியவர் எல்லாரும் அதற்குள்ளேயே அடக்கம். இப்போது எஸ் வந்ததால் எத்தனை வருஷம் கழித்து வந்தாலும் பஸ் பஸ்ஸாகவே பதிவாகிறது. கோடிங்கில் நடந்த பெரிய நல்ல காரியம் என்று நான் இதைத்தான் சொல்வேன். ஆனால் விபத்துக் கோடு நாடு முழுக்கக் கட்டாயமில்லை; மாநிலமோ இன்சூரன்ஸ்காரரோ கேட்டால்தான் கட்டாயம். டார்கெட் நெருக்கும்போது முதலில் விடுபடுவதும் அதுதான். நீ விடாதே மலர். ஆஸ்பத்திரிக்காரர்கள் வேண்டாம் என்று எழுதிக்கொடுத்திருந்தால் ஒழிய, சார்ட்டில் இருக்கிற பஸ்ஸை நீயாக விட்டுவிடாதே.

நம் ஊர் ஆஸ்பத்திரிகளில் ரெக்கார்டு செக்‌ஷன் பயன்படுத்துவது உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி 10. அதில் இந்த எஸ் கிடையாது. ஒரு வருஷம் தாண்டிய விளைவென்றால் ஒய்85.0, மோட்டார் வாகன விபத்தின் பின்விளைவு, அத்தோடு முடிந்தது. ரயிலென்றால் ஒய்85.9க்குள் போய்விடும். மஞ்சுளா அத்தையை நினைத்துப் பார். இறங்கிக்கொண்டிருக்கும்போதே பஸ் கிளம்பி, பின்சக்கரம் பாதத்தில் ஏறியது. நீ அப்போது ஆறாவது. இன்றைக்கும் கணுக்கால் மடங்காது. படி இறங்கும்போது கைப்பிடிச் சுவரைப் பிடித்துக்கொண்டு பக்கவாட்டில் திரும்பி, நல்ல காலை முதலில் வைத்து, மற்றதை இழுத்துக்கொண்டு வருவார்கள். குளிர்காலத்தில் வெந்நீரில் காலை வைத்துவிட்டுத்தான் அடுப்பங்கரைக்கே போவார்கள். ஓ.பி. சீட்டில் எழுதியிருப்பது "கணுக்கால் வலி". பஸ் இல்லை, படி இல்லை, இறங்கியது இல்லை. அப்படியே யாராவது கோடு போட்டாலும் ஒய்85.0தான். அவ்வளவு நடந்த ஒரு விஷயம் எந்தக் கணக்கிலும் இல்லாமல் போனது எனக்கு இன்றும் ஆறவில்லை.

அத்தையின் தையல் மெஷின் கால்மிதி வைத்தது, ஞாபகமிருக்கிறதா? விபத்துக்குப் பிறகு அதை விற்றுவிட்டார்கள். 2010 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் ஒரு மோட்டார் விபத்து இழப்பீட்டு வழக்கில் சொன்னதைப் படித்தபோது அந்த மெஷின்தான் கண்முன் வந்தது. கைக்கோ காலுக்கோ டாக்டர் போடும் ஊன சதவீதமும் சம்பாதிக்கும் சக்தியில் ஏற்பட்ட இழப்பும் ஒன்றல்ல என்றது கோர்ட். இடது கை போன ஒரு டிரைவருக்கோ தச்சருக்கோ பிழைப்பே போய்விடுகிறது. குமாஸ்தாவுக்கு வேலை தொடரலாம். நம் கோடுகள் பிழைப்பைப் பற்றி எதுவும் சொல்லாது. ஆனால் இந்தக் காலுக்கும் அந்த பஸ்ஸுக்கும் உள்ள தொடர்பைச் சொல்லும். தொடர்பு காகிதத்தில் இருந்தால்தான் மற்றதை யாரும் பேசவே ஆரம்பிக்க முடியும்.

அந்தத் தொடர்பை நீயாக ஊகித்துப் போடவும் கூடாது. பழைய நோட்டில் பஸ் இருக்கிறது, புது நோட்டில் மூட்டு வலி இருக்கிறது, ஆனால் இதனால்தான் அது என்று டாக்டர் எங்கேயும் சொல்லவில்லை என்றால் உன் டீம் லீடிடம் சொல்லி டாக்டருக்கு க்வெரி அனுப்பு. பதிலை உன் கேள்வியிலேயே திணிக்காதே; இந்த வலிக்குக் காரணம் என்ன என்று திறந்தபடி கேள். பதில் வரத் தாமதமானால் குவாலிட்டி ஆள் முறைப்பார், முறைக்கட்டும். சந்தேகமென்றால் என்னிடம் கேள், ஆனால் சார்ட்டைப் படமெடுத்து அனுப்பிவிடாதே. பெயரை மறைத்தாலும் தப்புதான், வேலையும் போகும்.

அடுத்த சனிக்கிழமை ஊருக்கு வருகிறேன். அத்தையை மாற்றுத்திறனாளி சான்றிதழுக்கு ஜி.எச். கூட்டிப்போகலாம் என்று இருக்கிறேன். சலுகைகளுக்கு வேண்டிய நாற்பது சதவீதம் வருமா என்று தெரியாது, டாக்டர்கள் பார்த்துச் சொல்லட்டும். விபத்து அன்றைக்குக் கொடுத்த ஏ.ஆர்., அதாவது விபத்துப் பதிவேட்டின் காப்பியும் டிஸ்சார்ஜ் சம்மரியும் மாமாவின் பீரோவில், ரேஷன் கார்டு வைக்கும் பிளாஸ்டிக் கவரில் இருக்கும். எடுத்து இரண்டு செட் ஜெராக்ஸ் போட்டு வை. காகிதம் மடிப்பில் கிழிந்திருக்கும், பார்த்துப் பிரி.

அன்புடன்,
அக்கா