ரோசி அம்மையார் சென்ற சாலை

திருவனந்தபுரத்திலிருந்து நாகர்கோவிலுக்குச் செல்லும் பெருஞ்சாலை, பாலராமபுரம், நெய்யாற்றின்கரை, அமரவிளை, பாறசாலை ஆகிய ஊர்களைக் கடந்து களியக்காவிளையில் தமிழ்நாட்டை எட்டுகிறது. இவ்வூர்களில் கடைப்பலகை ஒரு மொழியிலும் கடைக்குள் பேச்சு இரு மொழியிலுமாக இருப்பதைப் புதிதாக வருவோர் வியப்பர். நமக்கு அது பழகிய ஒன்று. 1956-ஆம் ஆண்டு நவம்பர் 1 அன்று மாநிலங்கள் பிரிந்தபோது தோவாளை, அகஸ்தீசுவரம், கல்குளம், விளவங்கோடு வட்டங்கள் தமிழகத்தின்பாற் சேர்ந்தன. நெய்யாற்றின்கரை வட்டம் கேரளத்தில் நின்றது. அதற்கு முன்னர் இருபுறமும் ஒரே திருவிதாங்கூராக இருந்தன. அந்நாளில் இச்சாலை வழியே ஒரு பெண்மணி தம் ஊரையும் பெயரையும் விட்டு ஓடினார். மலையாளத் திரையுலகின் முதல் நாயகியான பி. கே. ரோசி என்பவரே அவர்.

ரோசி அம்மையார் 1903-ஆம் ஆண்டு திருவனந்தபுரத்தில் புலையர் குலத்தில் பிறந்தார். ராஜம்மா என்பது இயற்பெயர். வறுமை மிகுந்த குடும்பம். புல்லறுத்து விற்றுப் பிழைத்தனர் என்பர். எனினும் கூத்தில் அவருக்கு நாட்டம் இருந்தது. காக்காரிசி நாடகம் என்னும் நாட்டுப்புறக் கூத்தில் அவர் பயின்றார். சிவனும் பார்வதியும் குறவர் கோலத்தில் மண்ணுலகிற்கு வரும் கதையைத் தமிழும் மலையாளமும் கலந்த மொழியில் நகைச்சுவையுடன் ஆடிப்பாடும் கூத்து அது. பெண் வேடத்தையும் ஆடவரே புனைந்துவந்த அவ்வரங்கில் ஒரு பெண் துணிந்து ஏறியதே பெருஞ்செயல் எனல் வேண்டும்.

அக்காலத்தில் அகஸ்தீசுவரத்தைச் சேர்ந்த ஜே. சி. டேனியல் என்பார், குடும்ப நிலத்தை விற்றுத் திருவனந்தபுரத்தில் 'திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்' என்னும் படநிலையத்தை நிறுவி, 'விகதகுமாரன்' என்னும் பேசாப்படத்தைத் தொடங்கினார். கதை, இயக்கம், ஒளிப்பதிவு, நாயக வேடம் அனைத்தும் அவரே. நாயகிதான் கிடைக்கவில்லை. பம்பாயிலிருந்து வரவழைத்த நடிகை ஒருவர் வசதி போதாதென்று திரும்பிச் சென்றதாகக் கூறுவர். அதன் பின்னரே ரோசி அழைக்கப்பட்டார். நாட்கூலி ஐந்து ரூபாய் என்றும், நண்பகல் உணவை அவரே கட்டிக்கொண்டு வந்தார் என்றும் எழுதியுள்ளனர்.

அவருக்கு அளிக்கப்பட்ட வேடம் சரோஜினி என்னும் நாயர் குல மங்கை. இன்றைய இளைஞர்க்கு இதன் கடுமை விளங்காது. நெய்யாற்றின்கரை வட்டத்தின் வரலாறே இதற்கு உரையாகும். வெங்ஙானூரில் பிறந்த அய்யங்காளி, பொதுச்சாலையில் வில்வண்டி ஓட்டும் உரிமைக்காக 1893-இல் போராட வேண்டியிருந்தது. ஊரூட்டம்பலம் பள்ளிக்குப் பஞ்சமி என்னும் புலையர் சிறுமியை அவர் அழைத்துச் சென்றபோது, அப்பள்ளியையே தீக்கிரையாக்கினர். ஒரு சிறுமி பலகையில் அமர்வதைப் பொறாதவர், ஒரு பெண் நாயர் மங்கையின் உடையிலும் அணியிலும் திரையில் தோன்றுவதை எங்ஙனம் பொறுப்பர்?

படம் திருவனந்தபுரம் காபிடல் அரங்கில் வெளியாயிற்று. 1928 நவம்பர் 7 என்று நெடுங்காலம் எழுதப்பட்டது. 1930 அக்டோபர் 23 எனப் பிற்கால ஆய்வாளர் காட்டுவர். விழாவுக்கு வந்த பெருமக்கள் ரோசியோடு ஒரே அரங்கில் அமர உடன்படவில்லை. தாம் நடித்த படத்தைக் காண வந்த நாயகி வெளியே நிறுத்தப்பட்டார். அரங்கினுள், நாயகியின் கூந்தலில் இருந்த மலரை நாயகன் முத்தமிடும் காட்சியில் கூச்சல் எழுந்தது. திரை மீது கற்கள் பாய்ந்தன. அதனோடும் அடங்கவில்லை. ரோசியின் குடிசைக்கும் தீ வைக்கப்பட்டது. உயிர் தப்ப ஓடியவர், நாகர்கோவிலை நோக்கிச் சென்ற லாரி ஒன்றில் ஏறினார். ஓட்டுநர் கேசவ பிள்ளை. பின்னாளில் அவரையே மணந்து, நாகர்கோவிலில் ராஜம்மாள் என்னும் பெயருடன் வாழ்ந்தார். நடித்தது ஒரே படம். அவர் 1988-இல் மறைந்தார் என்பர். தம் பழைய வாழ்வைப் பிள்ளைகளிடம்கூட அவர் விரித்துரைக்கவில்லை எனத் தெரிகிறது.

டேனியலின் நிலையும் இரங்கத்தக்கது. கடனில் மூழ்கிப் படநிலையத்தை இழந்தார். பல் மருத்துவராகிப் பிழைத்தார். 1975-இல் அகஸ்தீசுவரத்தில் காலமானார். நலிந்த கலைஞர்க்குரிய உதவித்தொகையைக் கேரள அரசிடம் வேண்டியபோது, அவர் தமிழ்நாட்டில் வாழ்பவர் என்று மறுமொழி வந்ததாகச் சொல்வர். மைய அரசு அலுவலகத்தில் எழுத்தராக இருக்கும் நமக்கு அக்கோப்பின் போக்கு எளிதில் விளங்குகிறது. கோடு போட்ட பின் மனிதன் எப்பக்கம் என்றே கோப்பு கேட்கும். கோட்டிற்கு முன் அவன் செய்தது என்ன என்று கேட்பதில்லை.

காலம் சற்றே கணக்குத் தீர்த்தது. 1992 முதல் கேரள அரசு தன் உயரிய திரைப்பட விருதை டேனியல் பெயரால் வழங்கிவருகிறது. குன்னுக்குழி எஸ். மணி முதலானோரின் உழைப்பால் ரோசியின் வரலாறு வெளிவந்தது. வினு ஆபிரகாம் அவரைப் பற்றி நாவல் எழுதினார். கமல் இயக்கிய 'செல்லுலாய்டு' திரைப்படம் 2013-இல் வெளியாயிற்று. மலையாளத் திரைத்துறைப் பெண்கள் 2019-இல் அவர் பெயரால் திரைப்படச் சங்கம் கண்டனர். சென்னையில் அவர் பெயரால் திரைப்பட விழாவும் நடந்தது. ஆயினும் 'விகதகுமாரன்' படச்சுருள் இன்று இல்லை. ஐயத்திற்கு இடமற்ற அவர் படமும் இல்லை. முதல் நாயகியின் முகத்தை நாம் கண்டதில்லை.

எல்லையூர்த் தமிழராகிய நாம் இதில் எண்ண வேண்டியது ஒன்றுண்டு. ராஜம்மா, ரோசி, ராஜம்மாள் என ஒரே பெண்ணுக்கு மூன்று பெயர்கள். முதலது பெற்றோர் இட்டது. இரண்டாவது கலை தந்தது என்பர். மூன்றாவது அச்சம் தந்தது. பெயர் திருத்தம் வேண்டி வரும் விண்ணப்பங்களை அலுவலகத்தில் நாம் பார்க்கிறோம். பாறசாலையில் ஒரு பெயர், களியக்காவிளையில் ஒரு பெயர். குடும்ப அட்டையில் ஒன்று, ஓய்வூதிய ஏட்டில் ஒன்று. அவற்றுட் பல எழுத்துப் பிழைகள் என்பது உண்மையே. ஆனால் சில, சாதியை மறைக்கவோ ஊரை மறைக்கவோ நம் முன்னோர் உடுத்திக்கொண்ட மாற்றுடைகள். பிழைப்புக்காகப் புலம்பெயர்ந்த குடும்பங்களில் இது புதிதன்று.

சாதியிழிவுக்கு அஞ்சி ஓடியவரைத் தமிழ் மண் ஏற்றது என்று நாம் பெருமை பேசுதலும் பொருந்தாது. இங்கும் அவர் தம்மை மறைத்தே வாழ நேர்ந்தது. அடைக்கலம் கிடைத்தது, தாம் யார் என்று சொல்லும் துணிவைத் தரும் சூழல் கிடைக்கவில்லை.

ஆதலின் ஒரு வேண்டுகோள். நம் இல்லங்களில் முதிய பாட்டியர் இருப்பின், அவர்தம் முதற்பெயரையும் பிறந்த ஊரையும், இளமையில் பாடியதையும் ஆடியதையும் கேட்டு எழுதி வைப்போம். பிள்ளைகள் அதைத் தமிழிலும் எழுதட்டும், மலையாளத்திலும் எழுதட்டும். ரோசி அம்மையாரைக் கேட்டு எழுத நாகர்கோவிலில் அரை நூற்றாண்டுக்கு மேல் நேரம் இருந்தது.